ராபி முல்லர்: ஓர் ஐரோப்பிய ஒளிப்பதிவாளரைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உலக சினிமா பார்க்கத் தொடங்குகிறவர்கள் முதலில் இயக்குநர்களின் பெயர்களைத்தான் சேர்த்துக்கொண்டே போவார்கள். வெண்டர்ஸ், ஜார்முஷ், வான் ட்ரையர் என்று பட்டியல் நீளும். கொஞ்ச நாள் கழித்து, இந்த மூவரின் படங்களிலும் டைட்டிலில் ஒரே பெயர் வருவது கண்ணில் படும்: ஒளிப்பதிவு, ராபி முல்லர். அங்கிருந்து தொடங்கும் கேள்விகளுக்கான பதில்கள் இவை.

யார் இவர்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

நெதர்லாந்துக்காரர். 1940 ஏப்ரல் 4 அன்று கரீபியன் கடலில் இருக்கும் குராசாவ் தீவில், வில்லம்ஸ்டாட் நகரில் பிறந்தார். அந்தத் தீவு அப்போது டச்சு ஆட்சியின் கீழ் இருந்தது. 1953இல் குடும்பம் ஆம்ஸ்டர்டாமுக்கு வந்தது. 1962 முதல் 1964 வரை அங்கிருந்த திரைப்படக் கல்லூரியில் படித்தார். 70களில் ஜெர்மனியில் விம் வெண்டர்ஸோடும், 80களில் பெரும்பாலும் அமெரிக்காவிலும், 90களின் நடுவிலிருந்து டென்மார்க்கின் லார்ஸ் வான் ட்ரையரோடும் வேலை செய்தார். 2018 ஜூலை 3 அன்று ஆம்ஸ்டர்டாமில் காலமானார். வயது 78.

டச்சுக்காரர் ஜெர்மன் சினிமாவுக்கு எப்படிப் போனார்?

ஒரு கேமராமேனின் பின்னால் போனார். ஜெரார்ட் வாண்டன்பெர்க் என்ற டச்சு ஒளிப்பதிவாளருக்கு முல்லர் உதவியாளர். அவர் ஜெர்மனிக்கு வேலை தேடிப் போனபோது இவரும் கூடவே போய்விட்டார்.

போன நேரம் நல்ல நேரம். 1962இல் ஓபர்ஹாவுஸன் நகரில் நடந்த குறும்பட விழாவில் 26 இளைஞர்கள் கையெழுத்துப் போட்டு, பழைய சினிமா செத்துவிட்டது என்று அறிக்கை விட்டிருந்தார்கள். அதன் விளைவாக அரசு உதவித்தொகை வந்தது, தொலைக்காட்சி நிலையங்களும் பணம் போட ஆரம்பித்தன. கையில் கதை வைத்திருந்த இளம் இயக்குநர்கள் நிறைய பேர் இருந்தார்கள். பெரிய ஸ்டூடியோ, பெரிய லைட், பெரிய யூனிட் எதுவும் இல்லாமல் படமெடுக்கத் துணிந்த கேமராமேன்கள்தான் குறைவு. ஹான்ஸ் கைசென்டோர்ஃபர் என்ற இயக்குநர் முல்லருக்கு முதல் வாய்ப்புகளைக் கொடுத்தார். 1970இல் வந்த அவருடைய ரத்தக்காட்டேரிப் படமான 'யோனதான்' முல்லர் ஒளிப்பதிவு செய்ததுதான்.

வெண்டர்ஸோடு எப்படிச் சேர்ந்தார்?

வெண்டர்ஸ் அப்போது மியூனிக் திரைப்படக் கல்லூரி மாணவர். அவருடைய படிப்பை முடிக்கும் படமான 'சம்மர் இன் த சிட்டி' (1970), 16 எம்எம் கறுப்பு வெள்ளையில் முல்லர் எடுத்தது. அப்புறம் ஆஸ்திரிய எழுத்தாளர் பீட்டர் ஹாண்ட்கேயின் நாவலை வைத்து ஒரு கோல்கீப்பரின் கதை (1972), 'ஆலிஸ் இன் த சிட்டீஸ்' (1974), 'ராங் மூவ்' (1975), 'கிங்ஸ் ஆஃப் த ரோடு' (1976), 'த அமெரிக்கன் ஃப்ரெண்ட்' (1977) என்று வரிசையாக வந்தன. ஏழு வருடத்தில் ஓர் இயக்குநரும் ஒரு கேமராமேனும் ஒன்றாகவே தொழில் கற்றுக்கொண்டார்கள் என்று சொல்லலாம். ஒருவர் ஏற்கெனவே பெரிய ஆள், மற்றவர் புதுசு என்ற ஏற்றத்தாழ்வு அங்கே இல்லை. இப்படி ஒரு கூட்டு எல்லோருக்கும் அமைவதில்லை. முல்லரின் பிற்காலத்தைப் பார்த்தால் அவர் இதே மாதிரிக் கூட்டைத்தான் போகிற இடமெல்லாம் தேடியிருக்கிறார் என்று தோன்றுகிறது.

'கிங்ஸ் ஆஃப் த ரோடு' படத்துக்குத் திரைக்கதையே இல்லையாமே?

ஆமாம், முழுத் திரைக்கதை இல்லை. இருந்தது ஒரு பாதை. வடக்கே லூனபர்க்கில் தொடங்கி தெற்கே ஹோஃப் வரை, கிழக்கு ஜெர்மனி எல்லையை ஒட்டியே போகும் பாதை. நாயகன் லாரியில் ஊர் ஊராகப் போய்ச் சின்ன ஊர்த் தியேட்டர்களின் புரொஜெக்டர்களைப் பழுதுபார்ப்பவன். படத்தின் தொடக்கத்திலேயே எழுத்தில் போட்டுவிடுகிறார்கள்: 1975 ஜூலை 1க்கும் அக்டோபர் 31க்கும் நடுவில், 11 வாரத்தில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம், 1:1.66 ஃபிரேம் (உயரத்துக்கும் அகலத்துக்குமான விகிதம்), நேரடி ஒலி என்று. இப்படித் தொழில் விவரத்தைப் பெருமையாக முன்னால் வைக்கும் படம் வேறு எனக்கு நினைவில்லை.

கேமராமேனுக்கு இது எவ்வளவு கஷ்டம் என்று யோசியுங்கள். நாளைக்கு எந்த ஊரில், எந்த நேரத்தில், யார் என்ன பேசப்போகிறார்கள் என்று தெரியாது. அதனால் முன்கூட்டியே லைட் பிளான் போட முடியாது. வண்டியில் ஏற்றிய கொஞ்சம் விளக்குகள், கையில் இருக்கும் ஃபிலிம், வானத்தில் இருக்கும் வெளிச்சம், அவ்வளவுதான். இந்த நெருக்கடியில்தான் முல்லருக்கு ஒரு பழக்கம் வந்திருக்க வேண்டும்: இடத்துக்குப் போனதும் அங்கே ஏற்கெனவே என்ன வெளிச்சம் இருக்கிறது என்று பார்ப்பது, அது போதாத இடத்தில் மட்டும் கை வைப்பது. 1930களில் அமெரிக்கக் கிராமப்புறத்தைப் படமெடுத்த வாக்கர் எவன்ஸின் புகைப்படங்கள் இந்தப் படத்தின் தோற்றத்துக்கு முன்மாதிரியாக இருந்தன. பெட்ரோல் பங்க், மூடிய கடை, காலியான சாலை எல்லாம் நேருக்கு நேராக, அலங்காரம் இல்லாமல் நிற்கும்.

அப்படியானால் முல்லர் லைட்டே போடமாட்டாரா?

இது அடிக்கடி சொல்லப்படும் பாதி உண்மை. போடுவார். இரவுக் காட்சிகளுக்கும் அறைக்குள் நடக்கும் காட்சிகளுக்கும் நிறையவே போட்டிருக்கிறார். ஆனால் போட்டது தெரியக் கூடாது என்பதைவிட, போட்ட விளக்கு அந்த இடத்தின் வெளிச்சத்தோடு சண்டை போடக் கூடாது என்பதில் கறாராக இருந்தார். ஜன்னலோரம் நிற்கும் நடிகையின் முகம் இருட்டாக இருந்தால், வழக்கமான ஆள் எதிர்ப்பக்கம் ஒரு விளக்கை வைப்பார். முல்லர் அந்த முகத்தை இருட்டாகவே விடுவதற்குத் தயங்கமாட்டார். கதைக்கு முகம் தேவையா, அவள் நிற்கும் விதம் போதுமா என்பதுதான் அவருக்குக் கணக்கு.

ஐரோப்பாவில் ஒளிப்பதிவாளரே கேமராவையும் இயக்குவாரா?

பல இடங்களில் ஆமாம். ஹாலிவுட்டில் யூனியன் விதிப்படி ஒளிப்பதிவாளர் வேறு, கேமரா ஆபரேட்டர் வேறு. முதலாமவர் விளக்குகளையும் ஒட்டுமொத்தத் தோற்றத்தையும் பார்ப்பார், இரண்டாமவர் கண்ணை வியூஃபைண்டரில் வைத்து ஃபிரேமைப் பிடிப்பார். ஐரோப்பியச் சின்ன யூனிட்டில் இரண்டும் ஒரே ஆள். முல்லர் தானே கேமராவின் பின்னால் நிற்க விரும்பியவர். நடிகர் தலையைத் திருப்பும் அந்த நொடியில் ஃபிரேம் நகர வேண்டுமா வேண்டாமா என்ற முடிவை அடுத்தவரிடம் சொல்லி நடத்த முடியாது என்பது இந்த வழக்கத்தில் வளர்ந்தவர்கள் எல்லோரும் சொல்வது.

அவர் படங்களில் வரும் அந்தப் பச்சை வெளிச்சம் என்ன? லேபில் செய்ததா?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான், கொஞ்சம் விரிவாகவே பார்ப்போம்.

ஃபிலிமுக்கு நம் கண்ணைப் போல் தானாகச் சரிசெய்துகொள்ளும் வசதி கிடையாது. கலர் நெகட்டிவ் இரண்டு வகையில் வரும். பகல் வெளிச்சத்துக்கு ஏற்றது சுமார் 5600 கெல்வின் (ஒளியின் நிறத்தை அளக்கும் அலகு). குண்டு பல்பு வகை விளக்குக்கு ஏற்றது 3200 கெல்வின். பழைய டியூப்லைட் இந்த இரண்டிலும் சேராது. அதன் ஒளியில் பச்சைப் பகுதி மட்டும் தனியாகத் துருத்திக்கொண்டிருக்கும். அறையில் உட்கார்ந்திருக்கும் நமக்கு அது வெள்ளையாகத்தான் தெரியும், மூளை திருத்திவிடும். ஃபிலிம் திருத்தாது. கழுவிப் பார்த்தால் சுவர், முகம், கை எல்லாம் பச்சை பூசினாற்போல் இருக்கும்.

அந்தக் காலத்து ஒளிப்பதிவாளர்களுக்கு இது தலைவலி. டியூப்லைட்டில் இளஞ்சிவப்பு ஜெல் (நிறமேற்றிய மெல்லிய தாள்) சுற்றுவார்கள், அல்லது டியூப்களையே மாற்றுவார்கள், அல்லது லேபில் கலர் பார்க்கும்போது பச்சையை இறக்கச் சொல்வார்கள். முல்லர் பல இடங்களில் இதில் எதையும் செய்யவில்லை. 'த அமெரிக்கன் ஃப்ரெண்ட்' படத்தில் ஹாம்பர்க் நகரத்து உட்புறங்களிலும், பின்னால் 'பாரிஸ், டெக்ஸாஸ்' படத்திலும் அதை அப்படியே விட்டார். விட்டதோடு நிற்கவில்லை, பச்சைக்குப் பக்கத்தில் சிவப்போ ஆரஞ்சோ வரும்படி ஃபிரேமை அமைத்தார். 'பாரிஸ், டெக்ஸாஸ்' கடைசிப் பகுதியில் நாயகன் ஹூஸ்டன் நகரத்துக் கார் நிறுத்துமிடத்தில் நிற்கும் ஷாட்டைப் பாருங்கள். தரையும் ஆளும் பச்சையில், மேலே வானம் மாலையின் செந்நிறத்தில். ஒரே ஃபிரேமில் மின்விளக்கும் சூரியனும் ஒன்றையொன்று சட்டை செய்யாமல் இருக்கின்றன. அந்த நேரம் சில நிமிடம்தான் நிற்கும். வானம் கறுத்தபின் எடுத்திருந்தால் பச்சை மட்டும் மிஞ்சி, ஏதோ பழுதான படம் போல் இருந்திருக்கும்.

இன்றைக்குக் கலர் கிரேடிங்கில் (எடுத்தபின் கணினியில் நிறத்தை மாற்றுவதில்) பச்சையும் ஆரஞ்சும் சேர்ப்பது சலித்துப்போன வித்தை. அதனால் இதைப் புதிதாகப் பார்ப்பவர்களுக்கு 'இதில் என்ன பெரிசு' என்று தோன்றலாம். அங்கே நிறம் காட்சியின் மேல் பூசப்பட்டதல்ல என்பதைக் கவனியுங்கள். எந்த விளக்கின் கீழ் நின்றால் எந்த நிறம் என்பது மாறிக்கொண்டே இருக்கும். அதனால்தான் இடம் நிஜமாகத் தெரிகிறது.

'பாரிஸ், டெக்ஸாஸ்' கண்ணாடி அறைக் காட்சி எப்படி எடுக்கப்பட்டது?

படம் தெரியாதவர்களுக்காக: காணாமல் போன கணவன் டிராவிஸ் (ஹாரி டீன் ஸ்டான்டன்), பல வருடம் கழித்துத் தன் மனைவி ஜேனை (நஸ்தாஸியா கின்ஸ்கி) ஒரு கிளப்பில் கண்டுபிடிக்கிறான். அங்கே வாடிக்கையாளர் ஒரு சின்ன அறையில் உட்கார்ந்து, நடுவில் இருக்கும் ஒருபக்கக் கண்ணாடி வழியாக மறுபக்க அறையில் இருக்கும் பெண்ணைப் பார்ப்பார், தொலைபேசியில் பேசுவார். அவளுக்கு அவர் தெரியமாட்டார்.

இந்தக் கண்ணாடியில் மந்திரம் எதுவும் இல்லை. மெல்லிய வெள்ளிப் பூச்சு பாதி ஒளியைத் திருப்பி அனுப்பும், மீதியை உள்ளே விடும். எந்தப் பக்கம் வெளிச்சமோ அந்தப் பக்கத்தில் இருப்பவர் தன்னையே பார்ப்பார். எந்தப் பக்கம் இருட்டோ அங்கிருந்து மறுபக்கம் தெரியும். ஆக, யார் யாரைப் பார்க்கிறார்கள் என்பதை முடிவு செய்வது சுவிட்ச்தான். ஒளிப்பதிவாளரின் வேலையும் கதையும் இங்கே ஒன்றாகிவிடுகின்றன.

கவனியுங்கள். டிராவிஸ் முதலில் அவளுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டு, யாரோ இருவரின் கதை போலத் தங்கள் கதையைச் சொல்கிறான். அது யார் என்று அவளுக்குப் புரியும்போது கேமரா நெருங்கியிருக்கும். கண்ணாடியில் அவன் முகத்தின் பிம்பம் அவள் முகத்தின் மேலேயே வந்து உட்காரும் ஒரு ஷாட் உண்டு. அவளுடைய தலைமுடியும் தோளும் அவளுடையவை, முகம் அவனுடையது. இதை எடிட்டிங் மேசையில் செய்ய வேண்டியதில்லை. இரண்டு அறைகளின் வெளிச்ச அளவையும் கேமரா நிற்கும் கோணத்தையும் சரியாகப் பிடித்தால் கண்ணாடியே செய்துகொடுக்கும். கொஞ்சம் கூடினால் அவன் மறைவான், கொஞ்சம் குறைந்தால் அவள் மறைவாள். பிறகு அவள் தன் அறை விளக்கை அணைக்கிறாள், அவன் மேசை விளக்கைத் தன் முகத்தை நோக்கித் திருப்புகிறான். அப்போதுதான் அவள் அவனைப் பார்க்கிறாள். வசனம் சொல்லாததை விளக்கு சொல்லிவிடுகிறது.

இன்னொரு விஷயம். எழுத்தாளர் சாம் ஷெப்பர்ட் அப்போது வேறு ஒரு படத்தில் நடித்துக்கொண்டிருந்ததால், இந்தக் காட்சியின் நீண்ட பேச்சைத் தொலைபேசியிலேயே சொல்லி எழுதவைத்தார். முடிவு தெரியாமலேயே படப்பிடிப்பைத் தொடங்கிய படம் அது. 1984இல் கான் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கப்பனை விருதை வாங்கியது.

'விங்ஸ் ஆஃப் டிசையர்' படமும் இவர் எடுத்ததுதானே?

இல்லை. பெர்லின் நகரத்துத் தேவதைகளைப் பற்றிய அந்த 1987 வெண்டர்ஸ் படத்தை எடுத்தவர் ஆன்றி அலெகான் என்ற பிரெஞ்சு ஒளிப்பதிவாளர். 1909இல் பிறந்தவர், அப்போது எழுபது வயதைத் தாண்டிவிட்டார். கறுப்பு வெள்ளை, வெண்டர்ஸ் என்றதும் முல்லர் பெயரைப் போட்டுவிடுகிறார்கள். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். அலெகானின் வெளிச்சம் பழைய ஸ்டூடியோப் பள்ளியைச் சேர்ந்தது, பட்டுப்போல் வழுக்கும். முல்லருடையது சாலையில் கிடைத்தது.

கறுப்பு வெள்ளையில் அவ்வளவு பெயர் வாங்கியது ஏன்?

கலரில் சிவப்புச் சட்டையும் பச்சைச் சுவரும் தாமாகவே பிரிந்து நிற்கும். கறுப்பு வெள்ளையில் இரண்டும் ஒரே சாம்பலாகிவிடலாம். ஆளைச் சுவரிலிருந்து பிரிப்பது ஒளியின் வேலையாகிவிடுகிறது. அதற்குப் பலர் பின்னாலிருந்து ஒரு விளக்கை அடித்து, தலைமுடியைச் சுற்றி வெள்ளைக் கோடு போடுவார்கள். முல்லர் சாம்பல் நிறத்தின் பல படிகளை வைத்தே பிரிப்பார். ஜார்முஷின் 'டவுன் பை லா' (1986) படத்தின் தொடக்கத்தில் கேமரா வண்டியில் நியூ ஆர்லியன்ஸ் தெருக்களைப் பக்கவாட்டில் கடந்துபோகும். வீடு, கல்லறை, மரம், மறுபடி வீடு. பளிச்சென்ற வெள்ளையோ கட்டிக் கறுப்போ அதில் அபூர்வம். அதே ஜார்முஷின் 'டெட் மேன்' (1995), போலந்து இயக்குநர் ஆந்த்ரே வைதாவின் 'கோர்சாக்' (1990), சாலி பாட்டரின் 'த டாங்கோ லெஸன்' (1997) ஆகியவற்றையும் பாருங்கள். கறுப்பு வெள்ளை பெரும்பாலும் கைவிடப்பட்டிருந்த காலத்தில் நான்கு வெவ்வேறு இயக்குநர்களுக்கும் நாடுகளுக்குமாக அதை எடுத்துக்கொண்டே இருந்த ஆள் அவர்... சரி, இயக்குநர் மூன்று பேர்தான், ஜார்முஷ் இரண்டு முறை வருகிறார்.

ஜார்முஷை எங்கே சந்தித்தார்?

ராட்டர்டாம் திரைப்பட விழாவில். ஜார்முஷ் அப்போது தன் முதல் படத்தோடு வந்த பையன். உடனே சேர்ந்து வேலை செய்யவில்லை, 'டவுன் பை லா' வரை காத்திருந்தது. அப்புறம் 'மிஸ்டரி டிரெயின்' (1989), 'டெட் மேன்', 'கோஸ்ட் டாக்' (1999).

இவர் சிங்கப்பூரில் படமெடுத்தார் என்பது உண்மையா?

உண்மை. சிங்கப்பூர்த் தமிழர்களுக்கு ஆர்வம் தரக்கூடிய கதை இது. அமெரிக்க எழுத்தாளர் பால் தெரூ எழுதிய நாவலை வைத்து பீட்டர் பொக்டானோவிச் இயக்கிய 'செயின்ட் ஜாக்' (1979) முழுக்க முழுக்க சிங்கப்பூரில் எடுக்கப்பட்டது. நாயகன் வெளிநாட்டு மாலுமிகளுக்கும் சிப்பாய்களுக்கும் பெண்களை ஏற்பாடு செய்யும் அமெரிக்கன். இந்தக் கதையைச் சொன்னால் அரசு அனுமதி கிடைக்காது என்று தெரிந்து, 'ஜாக் ஆஃப் ஹார்ட்ஸ்' என்ற வேறு தலைப்பில் ஒரு பொய்க் கதைச்சுருக்கத்தைக் கொடுத்து 1978இல் படப்பிடிப்பை முடித்தார்கள். படம் வெளிவந்ததும் சிங்கப்பூர் அதைத் தடை செய்தது. தடை நீங்கியது 2006இல்.

சிங்கப்பூரின் இரவு வாழ்க்கைக்குப் பெயர்போன புகிஸ் ஸ்ட்ரீட் 80களில் இடிக்கப்பட்டு, பிறகு வேறு உருவில் கட்டப்பட்டது. இடிவதற்கு முந்தைய இரவுகள், அந்தந்தக் கடை விளக்கின் நிறத்தோடு, இந்தப் படத்தில் இருக்கின்றன. அழகுபடுத்தாமல் எடுக்கும் கேமராமேன் கிடைத்தது அந்த ஊரின் அதிர்ஷ்டம் என்றுதான் எனக்குப் படுகிறது. தடை செய்தவர்களுக்கு அது அப்படிப் பட்டிருக்காது.

ஒரு சின்ன ஒட்டுக்கதை: இதே பொக்டானோவிச்சின் 'பேப்பர் மூன்' படத்தைப் பார்த்துவிட்டு, தன் 'ஆலிஸ்' கதையும் கிட்டத்தட்ட இதுதானே என்று வெண்டர்ஸ் படத்தையே கைவிடப் பார்த்தார். கதையை மாற்றிக்கொண்டு எடுத்தார். அந்த 'ஆலிஸ்' படத்தின் கேமராமேனான முல்லர்தான் சில வருடத்தில் பொக்டானோவிச்சோடு சிங்கப்பூரில் நிற்கிறார்.

ஹாலிவுட் போனபின் மாறிவிட்டாரா?

வில்லியம் ஃப்ரீட்கினின் 'டு லிவ் அண்ட் டை இன் எல்.ஏ.' (1985), அலெக்ஸ் காக்ஸின் 'ரெப்போ மேன்' (1984), பார்பே ஷ்ரோடரின் 'பார்ஃப்ளை' (1987) மூன்றும் லாஸ் ஏஞ்சலிஸ் படங்கள். சுற்றுலா அட்டையில் வரும் கடற்கரையும் பனைமரமும் இவற்றின் மையத்தில் இல்லை. தொழிற்சாலை ஓரங்கள், மதுக்கடை நியான், காலிப் பாலங்கள்தான். ஜெர்மன் எல்லையோரம் பார்த்த அதே கண். சில சாதாரணப் படங்களும் பட்டியலில் உண்டு, அவற்றைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை.

'பிரேக்கிங் த வேவ்ஸ்' ஏன் அப்படி ஆடுகிறது? தலை சுற்றுகிறதே.

பலருக்கும் சுற்றியது. 1996இல் வந்த இந்தப் படம் ஸ்காட்லாந்தின் கண்டிப்பான ஒரு கிராமத்தில் நடக்கிறது. எமிலி வாட்சனுக்கு இதுதான் முதல் படம். நடிகர்கள் எங்கே நிற்க வேண்டும் என்று தரையில் குறி போடுவதை வான் ட்ரையர் விரும்பவில்லை. அவர்கள் இஷ்டப்படி நகர்வார்கள், கையில் பிடித்த கேமரா பின்னால் ஓடும். ஃபோகஸ் தவறும், பிறகு வந்து சேரும். தவறியதையும் வைத்துக்கொண்டார்கள். இதற்கு ஏற்ப லைட் போடுவது ரொம்பச் சிரமம். கேமரா எந்தப் பக்கம் திரும்பினாலும் விளக்கு ஸ்டாண்டு ஃபிரேமில் வரக் கூடாது, அப்படியும் எல்லா மூலையிலும் முகம் தெரிய வேண்டும். எடுத்த ஃபிலிமை வீடியோவுக்கு மாற்றி, அங்கே நிறத்தைக் குலைத்து, மறுபடி ஃபிலிமுக்குக் கொண்டுவந்தார்கள். அதனால்தான் அந்தத் தேய்ந்த, பழுப்பேறிய தோற்றம்.

இருபது வருடம் நிதானமான ஃபிரேம்களுக்குப் பெயர் வாங்கியவர், ஐம்பத்தைந்து வயதில் இதற்கு ஒப்புக்கொண்டார் என்பதுதான் எனக்கு அவர் தொழில் வாழ்க்கையில் மிகப் பிடித்த விஷயம். தன் முத்திரையைக் காப்பாற்றிக்கொள்ளும் கவலை அவருக்கு இல்லை. அத்தியாயங்களுக்கு நடுவில் வரும் கிட்டத்தட்ட அசையாத நிலக்காட்சிகள் பெர் கிர்கெபி என்ற டேனிஷ் ஓவியரோடு சேர்ந்து செய்தவை, படத்தில் நாம் மூச்சு விடும் இடங்கள் அவை.

'டான்ஸர் இன் த டார்க்' படத்தில் 100 கேமராவாமே? அதில் ஒளிப்பதிவாளருக்கு என்ன வேலை?

நியாயமான கேள்வி. 2000இல் வந்த இந்தப் படத்தில் பாடல் காட்சிகளுக்கு 100 சின்ன டிஜிட்டல் வீடியோ கேமராக்களை அங்கங்கே நிலையாகப் பொருத்தினார்கள். நாயகியாக நடித்த ஐஸ்லாந்துப் பாடகி பியோர்க் ரயிலில் பாடும் காட்சி அப்படி எடுத்தது. வசனக் காட்சிகளில் கேமராவைக் கையில் வைத்திருந்தவர் வான் ட்ரையரே. அப்படியானால் ஃபிரேம் முல்லரிடம் இல்லை. 100 கேமரா 100 திசையில் பார்க்கும்போது விளக்கை ஒளித்துவைக்க இடமும் இல்லை. மிஞ்சுவது எந்த நேரத்தில், எந்த வானத்தின் கீழ் எடுப்பது, எந்தக் கேமராவை எங்கே வைப்பது என்ற முடிவுகள். பலன் எனக்கு முழுத் திருப்தி தரவில்லை. பாடல்களில் எண்ணற்ற கோணங்கள் இருக்கின்றன, நினைவில் நிற்கும் கோணம் குறைவு. படம் என்னவோ தங்கப்பனை வாங்கியது.

ஆஸ்கர் வாங்கினாரா?

பரிந்துரைகூட வரவில்லை. 1996இல் நியூயார்க் விமர்சகர்கள் வட்டம் 'பிரேக்கிங் த வேவ்ஸ்', 'டெட் மேன்' இரண்டுக்கும் சேர்த்துச் சிறந்த ஒளிப்பதிவாளர் விருது கொடுத்தது. அமெரிக்க ஒளிப்பதிவாளர் சங்கம் 2013இல் தன் சர்வதேச விருதைக் கொடுத்தது.

திரைப்பட மாணவர் இவரிடமிருந்து எதைப் பயிற்சி செய்து பார்க்கலாம்?

முதல் வேலையாக, கையில் இருக்கும் கேமராவில் ஆட்டோ வொயிட் பேலன்ஸை நிறுத்துங்கள். அது மூளை செய்யும் திருத்தத்தைக் கேமராவிலும் செய்துவிடுகிறது. 5600இல் நிலையாக வைத்துவிட்டு ஒரே தெருவை மாலை ஐந்தரையிலிருந்து ஏழரை வரை எடுத்துப் பாருங்கள். தெருவிளக்கு, டீக்கடை, மருந்துக்கடை, வானம் ஒவ்வொன்றும் தனித்தனி நிறத்தில் வரும். ஒன்று சொல்ல வேண்டும்: இன்றைய நல்ல எல்இடி விளக்குகளில் பழைய டியூப்லைட்டின் பச்சை அவ்வளவாக இருக்காது. மலிவான எல்இடியில் இன்னும் கொஞ்சம் உண்டு. அப்புறம், விளக்கு வைப்பதற்கு முன் அந்த அறையில் ஏற்கெனவே எரியும் விளக்கை அணைத்துப் பார்ப்பதும் ஒரு பயிற்சி. கூட்டுவதைவிடக் குறைப்பதில் படம் சரியாகும் இடங்கள் நிறைய.

அவர் எடுத்த போலராய்டு படங்கள் என்று சொல்கிறார்களே, அது என்ன?

படப்பிடிப்புக்காக ஊர் ஊராகத் தங்கியவர். ஹோட்டல் அறை, ஜன்னல் திரை, மேசை விளக்கு, பூ, வெளியே நிற்கும் கார் என்று கண்ணில் பட்டதையெல்லாம் எடுத்தவுடனே படம் வெளிவரும் போலராய்டு கேமராவில் எடுத்துவைத்தார். எந்தப் படத்துக்கான குறிப்பும் அல்ல. ஹை8 என்ற சின்ன நாடா வீடியோ கேமராவில் வீடியோ நாட்குறிப்பும் எடுத்தார். ஆம்ஸ்டர்டாமின் ஐ திரைப்பட அருங்காட்சியகம் 2016இல் அவருக்கென ஒரு பெரிய கண்காட்சி நடத்தியது. கிளேர் பைமான் இயக்கிய 'லிவிங் த லைட்' (2018) ஆவணப்படம் அந்த ஹை8 நாடாக்களை வைத்தே பின்னப்பட்டது. அதற்கு இசை ஜார்முஷும் கார்ட்டர் லோகனும்.

எதில் தொடங்கிப் பார்க்கலாம்?

'பாரிஸ், டெக்ஸாஸ்'. அது பிடித்திருந்தால் 'ஆலிஸ் இன் த சிட்டீஸ்', அடுத்து 'டவுன் பை லா'. 'கிங்ஸ் ஆஃப் த ரோடு' கிட்டத்தட்ட மூன்று மணி நேரம், அவசரமில்லாத நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள். 'பிரேக்கிங் த வேவ்ஸ்' படத்தை முன்வரிசையில் உட்கார்ந்து பார்க்க வேண்டாம். 'டவுன் பை லா', 'டெட் மேன்' இரண்டையும் பகலில் ஜன்னலைத் திறந்துவைத்துக் கைப்பேசியில் பார்த்தால் காடும் சதுப்பு நிலமும் ஒரே இருட்டாகத் தெரியும். ஜன்னல் திரையை மூடிவிட்டு, அறை விளக்கையும் அணைத்துவிட்டுப் பாருங்கள்.